மறுபடியும் தட்டும் கை!

தோழர்களே!

நாடகம் எழுதிப் பழகிய கை இது. ஆகவே சட்டத்தைப் பற்றிப் பேச வந்த இன்றும் ஒரு காட்சியோடுதான் தொடங்குகிறேன். திரையை விலக்குவோம்.

இடம்: திண்டிவனம் பேருந்து நிலையம். நேரம்: விடிந்தும் விடியாத வேளை. பாத்திரம்: ஐம்பதை எட்டிக்கொண்டிருக்கும் ஒரு தாய். மரக்காணத்து உப்பளத்தில் வெயிலோடு வெந்து, உப்போடு கரைந்து, கால்கள் வெடித்துப்போன உழைப்பாளி. ஊர்ப் பெரிய மனிதர் ஒருவரின் ஆட்கள், அவர் கண்முன்னே, அவர் ஏவலின்பேரில், அவள் மகனின் காலை முறித்துவிட்டார்கள். புகார் கொடுத்தாள். முதல் தகவல் அறிக்கையும் பதிவாயிற்று. முதல் எதிரியாக அந்தப் பெரிய மனிதரின் பெயரும் ஏறிற்று. இன்று அவள் விழுப்புரத்துக்குப் போகிறாள். வழக்கு விசாரணைக்கா? இல்லை. குற்றவாளிக் கூண்டிலே நிற்பவரைப் பார்க்கவா? அதுவும் இல்லை. அந்தப் பெரிய மனிதர் போட்டிருக்கும் முன்ஜாமீன் மனு இன்று வருகிறதாம். முதல் மனு தள்ளுபடியாயிற்று. சென்னையிலே, உயர்நீதிமன்றத்திலே இரண்டாவது மனு, அதுவும் தள்ளுபடியாயிற்று. இப்போது மறுபடியும் விழுப்புரம். மறுபடியும் மனு!

ஆள் எங்கே என்று கேட்டால், "ஊரிலே இல்லை" என்கிறார்கள். வீட்டிலே இல்லை, தோட்டத்திலே இல்லை, உறவினர் வீட்டிலும் இல்லை. போலீசாரின் கண்ணுக்குப் புலப்படாத அந்தப் பெரிய மனிதரின் கையெழுத்து மட்டும் வக்காலத்துத் தாளிலே ஏறி, வாரம் தவறாமல் வழக்குமன்றத்துக்கு வந்துகொண்டிருக்கிறது! ஆள் தலைமறைவு, கையெழுத்தோ அரங்கேற்றம்! இப்படி ஒரு விந்தையை நான் எழுதிய எந்த நாடகத்திலும் வைத்ததில்லை. வைத்திருந்தால், "நம்பும்படி இல்லையே" என்று நீங்களே எழுந்து போயிருப்பீர்கள்.

அந்தத் தாய் என் கற்பனை. அவளுக்குப் பெயர் இல்லை. ஆனால் அவள் ஏறும் பேருந்து கற்பனை அல்ல. திண்டிவனத்திலிருந்து விழுப்புரம் ஏறத்தாழ 40 கிலோமீட்டர். சென்னையோ 120 கிலோமீட்டருக்கும் மேல். மனு போடுகிறவர் ஒருமுறைகூட இந்த வழியில் வர வேண்டியதில்லை. அவர் பணம் வரும், வக்கீல் வருவார், வாதம் வரும். புகார் கொடுத்தவளோ கூலியை இழந்து, கூழையும் இழந்து, ஒவ்வொரு முறையும் வந்தாக வேண்டும். போகாவிட்டால் என்ன, அரசுத் தரப்பு வழக்கறிஞர் இருக்கிறாரே என்பீர்கள். இருக்கிறார். ஆனால் அவள் போகாத அன்று, "சமாதானமாகிவிட்டார்கள்" என்று யாராவது சொல்லிவிட்டால்? அந்த அச்சம்தான் அவளை இழுத்துக்கொண்டு போகிறது.

இன்று நான் பேச வந்தது இந்த மறுபடியும், மறுபடியும் என்னும் மனுக்களைப் பற்றித்தான்.

தோழர்களே! முன்ஜாமீன் என்பதே கூடாது என்று சொல்ல நான் வரவில்லை. அப்படிச் சொல்பவன் இந்த நாட்டு அரசியலை அறியாதவன். கைது செய்தபின் கேட்பது ஜாமீன். கைதாகலாம் என்னும் அச்சம் எழுந்தவுடன் முன்கூட்டிக் கேட்பது முன்ஜாமீன். 1898-ஆம் ஆண்டு வெள்ளைத் துரைத்தனம் தந்த குற்ற நடைமுறைச் சட்டத்தில் இப்படி ஒரு பிரிவே இல்லை. 1938-இல் இந்தித் திணிப்பை எதிர்த்துப் புறப்பட்டவர்களுக்கு முன்ஜாமீன் இல்லை. ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் சிறை சென்றனர். நடராசனும் தாளமுத்துவும் சிறைப்பட்டு 1939-இல் உயிர் நீத்தனர். 1953-இல் கல்லக்குடியில் தண்டவாளத்தில் தலைவைத்துப் படுத்தவர்களுக்கும், 1965-இல் மொழிகாக்கத் தெருவுக்கு வந்த மாணவர்களுக்கும் அந்தக் கதவு இல்லை. கைது என்றால் கைது; சிறை என்றால் சிறை; அவ்வளவுதான்.

பிறகு, 1969-இல் சட்ட ஆணையம் தன் 41-ஆவது அறிக்கையை அளித்தது. செல்வாக்குள்ளவர்கள் தங்கள் எதிரிகளைப் பொய் வழக்கில் சிக்க வைத்து, சில நாட்களாவது சிறையில் தள்ளி இழிவுபடுத்தப் பார்க்கிறார்கள். அரசியல் போட்டி கூர்மையாகக் கூர்மையாக இந்தக் கொடுமையும் வளர்கிறது. ஆகவே முன்ஜாமீனுக்கு வழி வேண்டும் என்று அது சொல்லிற்று. அதன் விளைவாகப் பிறந்ததுதான் 1973-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 438-ஆவது பிரிவு. 1974 ஏப்ரல் முதல் நாள் நடைமுறைக்கு வந்தது. 2024 ஜூலை முதல் நாளிலிருந்து, பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்று தமிழன் வாயில் நுழையாத பெயர் சூட்டப்பட்ட புதுச் சட்டத்திலே, 482-ஆவது பிரிவாக அது இருக்கிறது. பெயர் மாறிற்று, எண் மாறிற்று. கதவு அதே கதவுதான்.

அந்தக் கதவின் அருமை எப்போது தெரியும்? அது அடைக்கப்படும்போது தெரியும்! நெருக்கடி நிலை நாட்டைக் கவ்வியிருந்த 1976-இல், உத்தரப் பிரதேசத்திலே முன்ஜாமீன் பிரிவையே சட்டத்திலிருந்து வெட்டி எறிந்தார்கள். மீண்டும் அது அங்கே உயிர்பெற்றது 2019-இல்! நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாக அந்தப் பெரிய மாநிலத்து மக்களுக்கு அந்தக் கதவு இல்லை. அடக்குமுறைக்கு ஆசைப்படும் ஆட்சி முதலில் எதன்மீது கை வைக்கிறது என்பதற்கு வேறு சான்றும் வேண்டுமோ?

1980-இல், பஞ்சாபில் அமைச்சராக இருந்த குர்பக்ஷ் சிங் சிப்பியா தொடுத்த வழக்கிலே, உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு, தனிமனித உரிமையின் கண்கொண்டு இந்தப் பிரிவைப் பார்த்தது. சட்டத்தில் இல்லாத விலங்குகளை அதற்குப் பூட்டக்கூடாது என்றது. 2020 ஜனவரியில் மற்றோர் ஐந்து நீதிபதிகள், முன்ஜாமீனுக்குக் காலக்கெடு வைத்தே தீரவேண்டும் என்பதில்லை என்றார்கள். ஆக, கேடயம் உறுதியானது. நல்லது, நமக்கும் அந்தக் கேடயம் தேவை. சுவரொட்டி ஒட்டியதற்காகவும், சொற்பொழிவு ஆற்றியதற்காகவும் வழக்குப் பாயும் நாட்டிலே, தொண்டனின் கையில் ஒரு கேடயம் இருக்கத்தான் வேண்டும்.

கேடயம் கேடயமாக இருக்கும்வரை எனக்கு வழக்கில்லை. கேடயத்தைத் திரையாக்கி, அதன் பின்னே ஒளிந்துகொள்ளும் கலையைத்தான் நான் கண்டிக்கிறேன். அந்தக் கலை எப்படி நடக்கிறது? இதோ இரண்டாம் காட்சி. வக்கீல் அலுவலகம். பெரிய மனிதர் எங்கிருந்தோ தொலைபேசியில் பேசுகிறார்.

"வக்கீல் ஐயா, தள்ளுபடி ஆகிவிட்டதாமே?"

"ஆகட்டுமே! மறுபடி போடுவோம்."

"அதே கோர்ட்டிலா?"

"அங்கே போட்டாயிற்று, மேலே போட்டாயிற்று, இனி மறுபடி போட்டால் யார் தடுப்பது?"

"காரணம் கேட்பார்களே?"

"முதல் மனுவிலே முன்விரோதம் என்றோம். இரண்டாவதில் நெஞ்சுவலி என்றோம். மூன்றாவதில் சூழ்நிலை மாறிவிட்டது என்போம்!"

"என்ன ஐயா மாறியிருக்கிறது?"

"தேதி மாறியிருக்கிறதே, போதாதா?"

சிரிக்காதீர்கள் தோழர்களே! மனு போட்டவுடன் காவல்துறை பதில் அளிக்க அவகாசம் கேட்கும். ஒரு வாரம் போகும். ஆவணம் வரவில்லை என்று ஒரு வாரம். மூத்த வழக்கறிஞர் வரவில்லை என்று ஒரு வாரம். தள்ளுபடி ஆனால் அடுத்த மனு. இதற்கிடையில் காவல் நிலையத்துக்குப் போய், "ஏன் ஐயா, கைது செய்யவில்லை?" என்று அந்தத் தாய் கேட்டால், "மனு நிலுவையில் இருக்கிறதம்மா" என்று பதில் வரும். மனு நிலுவையில் இருந்தால் கைது செய்யக்கூடாது என்று எந்தச் சட்டம் சொல்லிற்று? எந்தச் சட்டமும் சொல்லவில்லை! இடைக்காலப் பாதுகாப்பு ஆணை எதுவும் இல்லாதவரை, முன்ஜாமீன் மனு நிலுவையில் இருப்பது மட்டுமே கைதுக்கோ, தேடப்படுவோராக அறிவிக்கும் நடவடிக்கைக்கோ தடையாகாது என்று 2024 மார்ச்சில், பீகாரிலிருந்து சென்ற வழக்கிலே உச்ச நீதிமன்றம் தெளிவாகவே சொல்லியிருக்கிறது. ஆனால் டில்லியில் சொன்ன சொல், திண்டிவனத்துக்கு அப்பால் உள்ள காவல் நிலையத்தின் படியேற எத்தனை ஆண்டு ஆகுமோ!

மறுமனுவைப் பற்றிச் சட்டம் என்ன சொல்கிறது? அங்கேதான் மன்றங்களுக்குள்ளேயே கருத்து பிரிந்தது. கல்கத்தா உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வு 2002-இல், இரண்டாவது முன்ஜாமீன் மனு செல்லவே செல்லாது என்றது. ராஜஸ்தான் உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வு 2005-இல், சூழ்நிலை மெய்யாகவே மாறியிருந்தால் செல்லும் என்றது. ஒரு கதவு, இரண்டு காவலர்கள்! ஒருவர் "போ" என்கிறார், மற்றவர் "பொறு" என்கிறார்.

நம் தமிழ்நாட்டிலிருந்தே ஒரு வழக்கு போயிற்று. காரணம் கூறி முன்பு மறுக்கப்பட்ட முன்ஜாமீன், பின்னர் வந்த மனுவிலே உயர்நீதிமன்றத்தில் வழங்கப்பட்டது. 2021 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. தேடப்படுபவர் தலைமறைவாக இருக்கிறார், விசாரணைக்கு ஒத்துழைக்கவில்லை என்று வழக்கு நாட்குறிப்பே காட்டும்போது, அடுத்தடுத்த முன்ஜாமீன் மனுக்களுக்கு இடம் தந்திருக்கக்கூடாது என்றது. காரணம் கூறித் தள்ளுபடி செய்த அதே நீதிபதியிடம், சூழ்நிலை மாறிற்று என்னும் போலிச் சாக்கைச் சொல்லி மறுபடியும் வர முடியாது என்றது.

அதோடு நிற்கவில்லை. 2024 ஜனவரியில், ஒடிசாவிலிருந்து சென்ற வழக்கொன்றில், ஜாமீன் மனு எதுவானாலும் அதற்கு முன் போட்ட மனுக்கள் எத்தனை, அவற்றின் கதி என்ன என்று மனுவிலேயே குறிப்பிட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் பணித்தது. 2022-இல், முன்ஜாமீன் மனுக்களை ஆறு வாரத்தில் முடியுங்கள் என்றது. 2025 செப்டம்பரில், ஜாமீன், முன்ஜாமீன் மனுக்களை உயர்நீதிமன்றங்களும் கீழ் நீதிமன்றங்களும் இரண்டு மாதத்திற்குள் முடிக்கப் பார்க்கவேண்டும் என்று மீண்டும் சொல்லிற்று. ஏனெனில் 2019-இல் பம்பாயில் போட்ட முன்ஜாமீன் மனு ஒன்று 2025 வரை தூங்கிக் கிடந்திருக்கிறது! தூங்கிய மனுவின் நிழலிலே, ஒரு வழக்கு எத்தனை ஆண்டு நடக்காமல் நிற்கும் என்று எண்ணிப் பாருங்கள்.

"அப்படியானால் இரண்டாவது மனுவே கூடாது என்று ஒரே கோடாகப் போட்டுவிடலாமே" என்று உணர்ச்சிவயப்பட்ட ஒரு தோழர் கேட்கலாம். கூடாது தோழரே, கூடாது! கேப்டன் சுப்பாராவ் கதையைக் கேளுங்கள். அணுவியல் பயின்ற கடற்படை அதிகாரி. 1988-இல் அமெரிக்கா செல்லப் புறப்பட்டவரைப் பம்பாய் விமான நிலையத்திலே பிடித்து, அரசு இரகசியத்தைக் கடத்துகிறார் என்று சிறையில் தள்ளினார்கள். அவர் போட்ட அடுத்தடுத்த ஜாமீன் மனுக்களைப் பற்றித்தான் 1989-இல் உச்ச நீதிமன்றம், சூழ்நிலை மாற்றம் என்பது மேற்பூச்சாக இருக்கக்கூடாது, மெய்யான மாற்றமாக இருக்கவேண்டும் என்ற விதியை வகுத்தது. அந்த விதி நல்ல விதிதான். ஆனால் ஏறத்தாழ இருபது மாதம் சிறையில் கிடந்த அந்த மனிதர், கடைசியில் குற்றமற்றவர் என்று விடுவிக்கப்பட்டார்! மறுமனு என்பது கயவனுக்கு மட்டும் வேண்டிய கதவல்ல. களங்கமற்றவனுக்கும் வேண்டிய கதவு. ஆகவே அடைக்கச் சொல்லவில்லை. தட்டுகிற கையைப் பார், தட்டுகிற காரணத்தைக் கேள், அந்தக் கைக்குரியவன் எங்கே நிற்கிறான் என்று விசாரி என்கிறேன்.

கை யாருடையது என்று பார்த்தால், தோழர்களே, கதை தெளிவாகும். 2018 மே மாதத்தில், பெண் பத்திரிகையாளர்களை இழிவுபடுத்திய பதிவு தொடர்பான வழக்கில் நடிகர் எஸ்.வி.சேகருக்கு முன்ஜாமீன் தர மறுத்தது சென்னை உயர்நீதிமன்றம். கைது நடந்ததா? இல்லை. ஜூன் மாதம் அவரே எழும்பூர் நீதிமன்றத்திற்கு வந்தார், ஜாமீன் பெற்றார், போனார். 2024-இல் அந்த வழக்கில் ஒரு மாதச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது என்பது பின்கதை. 2021 டிசம்பரில், வேலை வாங்கித் தருவதாகப் பண மோசடி என்ற வழக்கில் முன்னாள் அமைச்சர் ராஜேந்திர பாலாஜியின் மனு தள்ளுபடியாயிற்று; தனிப்படைகள் தேடின; 2022 ஜனவரி 5 அன்று கர்நாடகத்து ஹாசனில் பிடிபட்டார். 2024 ஜூனில், நில மோசடி வழக்கில் முன்னாள் அமைச்சர் எம்.ஆர்.விஜயபாஸ்கரின் மனுவைக் கரூர் நீதிமன்றம் தள்ளிற்று. ஜூலையில் மறுபடியும் மனு, மறுபடியும் தள்ளுபடி. ஜூலை 16 அன்று கேரளத்தில் கைது. இந்த முன்னாள் அமைச்சர்கள் குற்றவாளிகள் என்று நான் தீர்ப்பெழுதவில்லை. அது மன்றத்தின் வேலை. மன்றம் "இல்லை" என்று சொன்ன பின்னும், அந்தச் சொல்லுக்கும் செயலுக்கும் இடையே நாட்கள் ஓடுகின்றனவே, அந்த இடைவெளியில் வாழும் வசதி யாருக்கு வாய்க்கிறது என்றுதான் கேட்கிறேன்.

விழுப்புரத்துக்கே வருவோம். தன்கீழ்ப் பணியாற்றிய பெண் காவல் அதிகாரிக்குப் பாலியல் தொல்லை தந்த வழக்கில், சிறப்பு டி.ஜி.பி. பதவியில் இருந்த ராஜேஷ் தாஸுக்கு 2023 ஜூன் 16 அன்று விழுப்புரம் தலைமைக் குற்றவியல் நடுவர் மன்றம் மூன்றாண்டுச் சிறை விதித்தது. மேல்முறையீடும் விழுப்புரத்திலேயே 2024 பிப்ரவரியில் தள்ளுபடியாயிற்று. பிறகு? சரணடைவதிலிருந்து விலக்கு வேண்டும் என்று மனு! ஏப்ரலில் உயர்நீதிமன்றம் மறுத்தது. மே மாதத்தில் உச்ச நீதிமன்றம் இடைக்காலப் பாதுகாப்புத் தந்தது. மேல்முறையீடு அவர் உரிமை, குறை சொல்லவில்லை. ஆனால் எத்தனையோ ஏழைகளைச் "சரணடை" என்று ஆணையிட்ட துறையின் உச்சியில் இருந்தவருக்கே, சரணடைவது என்பது மன்றத்துக்கு மன்றம் வாதாடும் பொருளாகிவிட்டது! நிற்க, அந்தப் பெண் அதிகாரி பின்வாங்காமல் நின்றார், விழுப்புரத்து நடுவர் மன்றமும் பதவியைப் பார்க்காமல் நின்றது. அந்த இரு துணிவையும் இந்த மண் மறக்கக்கூடாது.

இதே விழுப்புரத்திலே 1978 ஜூலையில் தாழ்த்தப்பட்ட மக்கள் 12 பேர் கொல்லப்பட்டார்கள். அந்த இரத்தக் கறையும், நாடெங்கும் படிந்த அதுபோன்ற கறைகளும் சேர்ந்துதான் 1989-இல் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தைக் கொண்டுவந்தன. அதன் 18-ஆவது பிரிவு, அந்தச் சட்டத்தின்கீழ் குற்றம் சாட்டப்பட்டவருக்கு முன்ஜாமீன் இல்லை என்கிறது. ஏன்? வெளியே இருக்கும் ஒவ்வொரு நாளும் அவர் மிரட்டுவார், சாட்சியைக் கலைப்பார், ஊரைவிட்டே விரட்டுவார் என்பதால்! 1995-இல் உச்ச நீதிமன்றம் அந்தப் பிரிவு செல்லும் என்றது. 2018 மார்ச்சில் அதன் பல்லைப் பிடுங்கப் பார்த்தார்கள், நாடே கொதித்தது, அதே ஆண்டு ஆகஸ்டில் நாடாளுமன்றம் திருத்தம் இயற்றிற்று, 2020 பிப்ரவரியில் அந்தத் திருத்தமும் நிலைத்தது. புகாரைப் படித்த அளவிலேயே குற்றம் தெரியாத இடத்தில் மட்டுமே விலக்கு.

அந்தச் சட்டத்தில் இன்னொரு நல்ல ஏற்பாடு உண்டு. 2016 முதல் நடைமுறையில் உள்ள 15-ஏ பிரிவின்படி, ஜாமீன் உட்பட எந்த நடவடிக்கையானாலும் பாதிக்கப்பட்டவருக்கு முன்னறிவிப்புத் தரவேண்டும்; அவர் சொல்வதையும் கேட்கவேண்டும். 2022-இல், லக்கிம்பூர் கேரியில் விவசாயிகள்மீது வண்டி ஏறிய வழக்கிலே, ஒன்றிய இணை அமைச்சராக இருந்தவரின் மகனுக்குத் தரப்பட்ட ஜாமீனை ரத்து செய்த உச்ச நீதிமன்றம், பாதிக்கப்பட்டவரின் குரலை ஒவ்வொரு கட்டத்திலும் கேட்கவேண்டும் என்றது. அந்த நெறி எல்லா வழக்குக்கும், ஒவ்வொரு மறுமனுவுக்கும் முறையாக வரட்டுமே! மனு எப்போது வருகிறது என்று வக்கீல் வீட்டு வாசலில் நின்று கேட்டறியும் நிலை அந்த உப்பளத்துத் தாய்க்கு ஏன்?

இனி மறுபக்கத்தையும் காணுங்கள். 2022 இறுதிக் கணக்குப்படி இந்தியச் சிறைகளில் அடைபட்டிருந்தோர் 5,73,220 பேர். அவர்களில் 4,34,302 பேர் தண்டனை பெற்றவர்கள் அல்லர், விசாரணைக் கைதிகள்! நூற்றுக்கு எழுபத்தைந்துக்கும் மேல்! அவர்களில் எத்தனை பேர் முன்ஜாமீன் என்ற சொல்லையாவது கேள்விப்பட்டிருப்பார்கள்? ஒரு பக்கம், மூன்றாம் முறை கதவைத் தட்டும் மோதிரக் கை. மறுபக்கம், முதல்முறை தட்டவே வழி தெரியாத காய்ப்பேறிய கை. ஒரே சட்டம், ஒரே பிரிவு, ஒரே கதவு. இருந்தும் ஒருவனுக்கு அது சுழலும் கதவு, மற்றவனுக்கு அது சுவர்! சமத்துவம் பேசும் அரசியல் சாசனத்தின் நிழலில் இந்த வேற்றுமை நடமாடலாமா?

தோழர்களே! எதிர் முகாமிலிருந்து எடுத்துக்காட்டுச் சொல்வது எளிது. கைதட்டலும் கிடைக்கும். கைதட்டலை உண்டு வளர்ந்தவன்தான் நான். ஆனால் இன்று கைதட்டல் கிடைக்காத சொல் ஒன்றையும் சொல்லியாக வேண்டும். நம் வீட்டைப் பார்ப்போம். நம் கொடி கட்டிய வண்டியில் போகிறவர் எவர்மீதும் வழக்கு வந்ததில்லையா? அடிதடியிலே, நில விவகாரத்திலே, பெண்ணை இழிவுபடுத்திய புகாரிலே நம்மைச் சேர்ந்தவர் எவர் பெயரும் ஏறியதில்லையா? ஏறியபோது நாம் என்ன செய்தோம்? "பொய் வழக்கு" என்று சுவரொட்டி ஒட்டினோம். வக்கீல் அணியை அனுப்பினோம். மனு தள்ளுபடியானால் மறு மனு எழுதித் தந்தோம். புகார் கொடுத்தவரின் வீட்டுக்கு ஒருவரையாவது அனுப்பி, "என்னம்மா நடந்தது?" என்று கேட்டோமா?

பொய் வழக்கு இல்லை என்று சொல்லவில்லை. உண்டு, ஏராளம் உண்டு. கூட்டம் போட்டதற்கு வழக்கு, கொடி ஏற்றியதற்கு வழக்கு என்று வந்தால், ஒரு மனு அல்ல, உரிய காரணம் இருந்தால் ஒன்பது மனு போடுவோம். உச்ச நீதிமன்றம் வரை போவோம். ஆனால் கொள்கைக்காக வரும் வழக்கு வேறு. கொழுப்புக்காக வரும் வழக்கு வேறு! முன்னதில் சிறை சென்றவனுக்கு மாலை சூட்டிய இயக்கம், பின்னதில் சிறைக்கு அஞ்சி ஒளிந்தவனுக்கும் குடை பிடிக்கலாமா? முன்ஜாமீன் என்ற சொல்லே இல்லாத நாளில், "இதோ என் கை, பூட்டுங்கள் விலங்கை" என்று நீட்டியவர்களின் வழிவந்தவர்கள், மன்றம் இருமுறை மறுத்த பின்னும் பக்கத்து மாநிலத்தில் பதுங்கிக்கொண்டு கையெழுத்தை மட்டும் அனுப்பினால், அந்த மாவீரர் படங்கள் தொங்கும் சுவருக்குக் கண் இருந்தால் கண்ணீர் வடிக்காதோ?

திண்டிவனத்தை அடுத்த ஓமந்தூர், ஓமந்தூர் ராமசாமியாரைத் தந்த ஊர். 1947 முதல் 1949 வரை சென்னை மாகாணத்தின் முதலமைச்சராக இருந்தவர். நம் கட்சிக்காரர் அல்லர். கொள்கையில் நமக்கும் அவருக்கும் தூரம் உண்டு. ஆனால் சொந்தக் கட்சிக்காரர் பரிந்துரையோடு வந்தாலும் வளைந்துகொடுக்காதவர் என்ற பெயரை மாற்றாரும் மதித்தார்கள். அதனால்தான் பதவி போயிற்று என்றும் சொல்வார்கள், பெயர் போகவில்லையே!

ஆகவே இயக்கத்துக்கு என் வேண்டுகோள் நான்கு. ஒன்று: நம் வழக்கறிஞர் அணி எழுதும் ஒவ்வொரு மறுமனுவிலும், முந்தைய மனுக்கள் அனைத்தும் மறைக்காமல் சொல்லப்படட்டும், சட்டம் கேட்பதை நாம் முதலில் செய்து காட்டுவோம். இரண்டு: கொள்கை வழக்கல்லாத குற்ற வழக்கில், உயர்நீதிமன்றமும் மறுத்துவிட்ட பின் சரணடையாத பொறுப்பாளர், சரணடையும் நாள்வரை பொறுப்பிலிருந்து விலகி நிற்கட்டும். மூன்று: விழுப்புரத்திலும் திண்டிவனத்திலும் உள்ள நம் வழக்கறிஞர்கள், வாரத்தில் ஒரு நாளாவது புகார் கொடுத்த ஏழைகளின் பக்கம் நின்று, இடையீட்டு மனு எழுதித் தரட்டும், முதல் மனுவுக்கே வழியற்று உள்ளே கிடப்பவருக்கு ஜாமீன் மனு எழுதித் தரட்டும். நான்கு: எந்த மறுமனுவானாலும் பாதிக்கப்பட்டவருக்கு முன்னறிவிப்பு, ஒரே வழக்கின் மனுக்கள் ஒரே நீதிபதியிடம், குறித்த கெடுவுக்குள் முடிவு என்று சட்டமன்றத்திலும் நாடாளுமன்றத்திலும் நம் உறுப்பினர்கள் குரல் எழுப்பட்டும்.

"இரண்டாவது கோரிக்கை கட்சியைப் பலவீனப்படுத்துமே" என்று ஒரு முணுமுணுப்பு கேட்கிறது. பலவீனப்படுத்தாது! ஒளிந்து திரிபவர் ஒருவரைக் காப்பதால் கிடைக்கும் பலம், அவர் தெருவில் உள்ள நூறு குடிசைகளின் நம்பிக்கையை இழப்பதால் போய்விடும். வாக்குக் கணக்குப் போட்டுப் பார்ப்பவர்கள் இதையும் சேர்த்துப் போடட்டும்.

மீண்டும் முதல் காட்சி. மாலை நேரம். விழுப்புரத்திலிருந்து திரும்பிய பேருந்து திண்டிவனத்தில் நிற்கிறது. அந்தத் தாய் இறங்குகிறாள். மனு என்ன ஆயிற்று? "அடுத்த வாரத்துக்குத் தள்ளி வைத்திருக்கிறார்கள்." அவள் மரக்காணம் பேருந்துக்காகக் காத்திருக்கிறாள். அடுத்த வாரமும் வருவாளா? கூலி இழந்து, கடன்பட்டு, இன்னும் எத்தனை வாரம் வருவாள்? அவள் வராமற்போகும் அந்த ஒரு நாளுக்காகத்தான், எங்கோ ஒரு வீட்டில் சாய்வு நாற்காலியிலே ஒருவர் காத்திருக்கிறார். மறுபடியும், மறுபடியும் மனுப் போடுவதன் முழு இரகசியமும் அதுதான் தோழர்களே! நீதிபதி சலிப்படைவார் என்பதற்காக அல்ல, அவள் சலிப்படைவாள் என்பதற்காகவே அந்த மனுக்கள் போடப்படுகின்றன.

அவள் சலிப்படையாமல் இருக்க ஒரு வழி உண்டு. அடுத்த வாரம் அந்தப் பேருந்தில், அவள் பக்கத்து இருக்கையில், நம் தோழர் ஒருவர் உட்கார்ந்திருக்க வேண்டும்.

யார் வருகிறீர்கள்?